சண்டை நின்றதா என்று யார் பார்த்து எழுதுவது? பர்மாவின் போர்நிறுத்தங்களும் கண்காணிப்பாளர்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ரங்கூன் கோயிலில் வெள்ளிக்கிழமை பூஜை முடிந்து, கையில் சுண்டலோடு நாலு பேர் உட்கார்ந்தால் பேச்சு எங்கே சுற்றினாலும் இங்கேதான் வந்து நிற்கிறது. "போர்நிறுத்தமாமே?" என்று ஒருவர் ஆரம்பிப்பார். "எது, போன மாதத்துப் போர்நிறுத்தமா, இந்த மாதத்ததா?" என்று இன்னொருவர் கேட்பார். புதுக்கோட்டையிலிருந்து தொலைபேசியில் பேசும் அக்கா மகனுக்கும் இதே சந்தேகம்: "மாமா, ஐ.நா. ஏன் அங்கே வரவில்லை?"

நான் அரிசி ஆலையில் முப்பது வருடம் கணக்கு எழுதியவன். ராஜதந்திரம் படித்தவன் இல்லை. ஆனால் எடை போடுபவரும் எடையை எழுதுபவரும் ஒரே ஆளாக இருந்தால் மூட்டை எப்போதும் சரியாகத்தான் இருக்கும் என்பது எனக்குத் தெரியும். இந்த நாட்டுப் போர்நிறுத்தங்களை நான் அந்தக் கண்ணோடுதான் பார்க்கிறேன். திரும்பத் திரும்ப வந்த கேள்விகளுக்கு இங்கே ஒரே இடத்தில் பதில் எழுதியிருக்கிறேன்.

அமைதிப்படை, போர்நிறுத்தக் கண்காணிப்பாளர் இரண்டும் ஒன்றுதானே?

இல்லை. அமைதிப்படை ஆயுதத்தோடு வரும்; நீலத் தலைக்கவசம் அவர்கள் அடையாளம். கண்காணிப்பாளர் பெரும்பாலும் வெறுங்கையோடு வருவார். நீலத் துணித்தொப்பி, தொலைநோக்கி, ஒரு வெள்ளை வண்டி, ஒரு நோட்டு. யார் சுட்டார், எத்தனை மணிக்கு, எந்தப் பக்கத்திலிருந்து, ஒப்புக்கொண்ட கோட்டை யார் தாண்டினார் என்று பார்த்து எழுதுவதும், எழுதியதை இரண்டு தரப்புத் தளபதிகளிடமும் கொண்டுபோய்க் காட்டுவதும்தான் அவர் வேலை. சுடுகிறவன் கையை அவர் பிடிக்க முடியாது.

ஐ.நா.வின் முதல் கண்காணிப்புக் குழு பாலஸ்தீனத்துக்காக 1948 மே மாதத் தீர்மானத்தில் உருவானது. அடுத்தது 1949இல் காஷ்மீருக்குப் போனது. இரண்டும் இன்றைக்கும் இருக்கின்றன. பர்மாவுக்குச் சுதந்திரம் கிடைத்தது 1948 ஜனவரி 4. அந்த மார்ச் முடிவதற்குள் கம்யூனிஸ்டுகள் ஆயுதம் எடுத்துவிட்டார்கள். 1949 ஜனவரி கடைசியில், கிழக்கு மலைகளிலும் டெல்டாவிலும் வாழும் கரேன் இனத்தார் எழுந்தார்கள், ரங்கூனை ஒட்டிய இன்செயின் வரை சண்டை வந்தது. ஐ.நா. கண்காணிப்புக்கும் எங்கள் உள்நாட்டுப் போருக்கும் வயது ஒன்று. ஒன்றை ஒன்று நேரில் பார்த்துக்கொண்டதுதான் இல்லை.

போர்நிறுத்தம் என்றால் சமாதானம் வந்துவிட்டது என்று பொருளா?

பர்மிய மொழியில் இதற்கு வழங்கும் சொல்லைப் பிரித்தால் 'சுடுவதை நிறுத்துதல்' என்று வரும், அவ்வளவுதான். சமாதானத்துக்கு அவர்களிடம் தனிச் சொல் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பில் நான் 'போர்நிறுத்தம்' என்று பலகையில் எழுதியபோது ஒரு சின்னப் பையன், "பஸ் நிறுத்தம் மாதிரியா தாத்தா?" என்று கேட்டான். வகுப்பே சிரித்தது. நான் அவனைத் திருத்தவில்லை.

ஐ.நா. அமைதிப்படை ஏன் பர்மாவுக்கு வரவில்லை?

மூன்று பூட்டு போட்ட கதவு அது.

முதல் பூட்டு சம்மதம். கண்காணிப்பாளர்கள் சண்டையிடும் தரப்புகளின் ஒப்புதலோடுதான் வருவார்கள். பழைய தலைநகர் ரங்கூனில் இருந்தாலும் புதிய தலைநகர் நேப்பிடோவில் இருந்தாலும், இந்த நாட்டு ராணுவம் வெளியாள் நோட்டோடு உள்ளே வருவதை ஒருநாளும் விரும்பியதில்லை.

இரண்டாவது பூட்டு பாதுகாப்புச் சபை. 2007 ஜனவரி 12 அன்று பர்மா பற்றி வந்த தீர்மானத்தைச் சீனாவும் ரஷ்யாவும் வீட்டோ செய்தன. தென்னாப்பிரிக்காவும் அன்று எதிர்த்து வாக்களித்தது. எங்கள் கோயில் கூட்டத்தில் அது பலருக்கு இன்னும் ஆறவில்லை. நெல்சன் மண்டேலாவின் நாடா என்று கேட்டுக்கொண்டே இருப்பார்கள். பிறகு 2022 டிசம்பர் 21 அன்று 2669ஆம் எண் தீர்மானம் நிறைவேறியது. ஆதரவு 12, எதிர்ப்பு இல்லை. சீனா, ரஷ்யா, இந்தியா மூன்றும் வாக்களிக்காமல் ஒதுங்கின. 1948இல் பர்மாவை உறுப்பினராகச் சேர்க்கப் பரிந்துரைத்த பிறகு இந்த நாட்டைப் பற்றிச் சபை நிறைவேற்றிய முதல் தீர்மானம் அது. வன்முறையை உடனே நிறுத்தச் சொன்னது. நின்றதா என்று பார்க்க ஒரு ஆளையும் அனுப்பவில்லை.

மூன்றாவது பூட்டைப் பலரும் கவனிப்பதில்லை. கண்காணிக்க ஒரு கோடு வேண்டும். காஷ்மீரில் கோடு இருக்கிறது. சைப்ரஸில் இருக்கிறது. இங்கே ராணுவம் ஒரு பக்கம் என்றால் மறுபக்கம் கரேன், கச்சின், ஷான், தாங், கொக்காங், அரகான் என்று இனத்துக்கும் வட்டாரத்துக்கும் ஒன்றாக ஆயுதப் படைகள். 2021 பிப்ரவரி 1 ஆட்சிக் கவிழ்ப்புக்குப் பிறகு ஊருக்கு ஊர் முளைத்த மக்கள் பாதுகாப்புப் படைகள் வேறு. பகலில் ஒருவர் கையிலும் இரவில் இன்னொருவர் கையிலும் இருக்கும் கிராமத்தில் கோட்டை எங்கே போடுவது?

ஐ.நா.வுக்கே தலைவராக ஒரு பர்மியர் இருந்தாரே?

இருந்தார். பாந்தனோவில் பிறந்த ஊ தாண்ட், 1961 நவம்பர் முதல் 1971 முடியும் வரை பொதுச்செயலாளர். பள்ளிக்கூட ஆசிரியராக இருந்தவர். கண்காணிப்பாளர் பற்றி இவரைவிட அனுபவம் உள்ளவர் அந்தக் காலத்தில் யாரும் இல்லை: 1962இல் மேற்கு நியூகினி, 1963இல் ஏமன், 1964இல் சைப்ரஸ், 1965 போருக்குப் பிறகு இந்திய பாகிஸ்தான் எல்லை என்று வரிசையாக ஆட்களை அனுப்பிவைத்தார். மேற்கு நியூகினிக்குப் போன கண்காணிப்புக் குழுவை நடத்தியவர் அவருடைய ராணுவ ஆலோசகர், இந்திய அதிகாரி இந்தர் ஜித் ரிக்கே. 1967இல் எகிப்து வெளியேறச் சொன்னதும் சினாயிலிருந்து அமைதிப்படையைத் திரும்ப அழைத்தவரும் ஊ தாண்ட்தான். அதற்காக அவர் வாங்காத வசை இல்லை. சம்மதம் போனால் கண்காணிப்பும் போகும் என்பதைத் தன் பெயரைக் கெடுத்துக்கொண்டு உலகத்துக்குக் காட்டினார்.

அப்படிப்பட்டவருக்குச் சொந்த ஊரில் நடந்தது என்ன? 1974 நவம்பரில் நியூயார்க்கில் இறந்தார். உடல் ரங்கூன் வந்தபோது ராணுவ ஆட்சியாளர் நே வின் அரசு எந்த அரசு மரியாதையும் காட்டவில்லை. மாணவர்கள் சவப்பெட்டியைக் கியாய்க்கசான் குதிரைப்பந்தய மைதானத்திலிருந்து பல்கலைக்கழகத்துக்குத் தூக்கிப் போனார்கள். டிசம்பர் 11 விடியலில் ராணுவம் உள்ளே புகுந்து பெட்டியைப் பறித்தது. நகரம் முழுக்கக் கலவரம், ராணுவச் சட்டம். ஷ்வேடகோன் பகோடா அருகே அவருடைய கல்லறை இருக்கிறது. அன்று கடையைப் பாதி இறக்கிவைத்துக்கொண்டு உள்ளே இருந்ததை என் அப்பா சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். பத்து வருடம் முன்பு, 1964இல் 50, 100 கியாட் நோட்டுகள் செல்லாது என்று அறிவித்து, கடைகளையும் தேசியமயமாக்கி, ஏறக்குறைய 3 லட்சம் இந்தியர்களைக் கப்பல் ஏற வைத்த அரசாங்கம் அது. எங்கள் வீட்டில் யாருக்கும் அதன்மேல் அன்பு இருந்திருக்க நியாயம் இல்லை.

2015க்கு முன்பு போர்நிறுத்தமே இல்லையா?

நிறைய இருந்தன. 1989இல் கம்யூனிஸ்ட் கட்சி உடைந்ததும், உளவுத்துறைத் தலைவர் கின் நியுன்ட் கொக்காங், வா படைகளோடு ஒவ்வொன்றாகப் பேசி முடித்தார். 1994இல் கச்சின்கள், 1995இல் மொன் கட்சி. பெரும்பாலானவை வாய்மொழிதான், காகிதமே கிடையாது. நீ உன் துப்பாக்கியை வைத்துக்கொள், உன் மலையில் வியாபாரம் செய்துகொள், என்னைச் சுடாதே. அரசியல் பேச்சைப் பிறகு பார்க்கலாம். அந்தப் 'பிறகு' வரவில்லை. மூன்றாவது ஆள் எவரும் சாட்சிக்கு இல்லை. 2009இல் எல்லோரும் எல்லைக் காவல் படையாக மாறி ராணுவத்தின் கீழ் வர வேண்டும் என்றார்கள். கச்சின்கள் மறுத்தார்கள். 17 வருடப் போர்நிறுத்தம் 2011 ஜூன் 9 அன்று முறிந்தது.

2015 ஒப்பந்தத்துக்கு உலக நாடுகள் சாட்சிக் கையெழுத்துப் போட்டனவே? அவர்கள் கேட்கக் கூடாதா?

2015 அக்டோபர் 15, நேப்பிடோ. நாடு தழுவிய போர்நிறுத்த ஒப்பந்தம் என்று பெயர். கையெழுத்திட்ட ஆயுதக் குழுக்கள் 8. 2018 பிப்ரவரியில் மொன் கட்சியும் லாஹு குழுவும் சேர்ந்து 10 ஆயின. சாட்சிகள் ஐ.நா., ஐரோப்பிய ஒன்றியம், சீனா, இந்தியா, ஜப்பான், தாய்லாந்து.

கல்யாணப் பத்திரத்தில் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர் குடும்பச் சண்டைக்குப் பஞ்சாயத்துப் பேச வர வேண்டும் என்று கட்டாயம் உண்டா? கூப்பிட்டால் வரலாம். யாரும் கூப்பிடவில்லை.

நாடு தழுவியது என்ற பெயரையும் கொஞ்சம் பாருங்கள். வடக்கில் பெரும்பலம் கொண்ட வா, கச்சின் படைகள் கையெழுத்திடவில்லை. அரகான் ஆர்மி, தாங் படை, கொக்காங் படை மூன்றையும் ராணுவம் உள்ளேயே விடவில்லை. எட்டு வருடம் கழித்து, 2023 அக்டோபர் 27 அன்று வடக்கு ஷானில் ராணுவத்தின் முகாம்களை வரிசையாகச் சரித்தது வாசலிலேயே நிறுத்திவைக்கப்பட்ட இந்த மூன்றும்தான்.

அந்த ஒப்பந்தத்தைக் கண்காணிக்க ஒரு குழு இருந்ததே, அது என்ன செய்தது?

கூட்டுக் கண்காணிப்புக் குழு. நாடு முழுவதற்குமான மேல்மட்டத்தில் 26 பேர்: அரசு மற்றும் ராணுவத் தரப்பு, ஆயுதக் குழுக்களின் தரப்பு, அவற்றோடு இரு தரப்பும் நம்பும் பொதுமக்கள் சிலர். அதன் கீழே மாநிலக் குழுக்கள், அவற்றுக்கும் கீழே வட்டாரக் குழுக்கள். வெளிநாட்டுக் கண்காணிப்பாளர் ஒருவரும் இல்லை. வெளியிலிருந்து பணமும் பயிற்சியும் வந்தன, கண் வரவில்லை. குழுவின் தலைவர் ராணுவத்தின் லெப்டினன்ட் ஜெனரல் யார் பியே.

அரிசி ஆலையில் மூட்டைக்காரரே தராசுக்கு முன்னால் உட்கார்ந்தால் என்ன ஆகும் என்று நான் முதலிலேயே சொல்லிவிட்டேன்.

ஆனாலும் இதை ஒரேயடியாகக் கேலி செய்துவிட எனக்கு மனம் வரவில்லை. காரணம் என் மச்சான். மொன் மாநிலத்துத் தட்டோன் பக்கம் ஒரு கிராமத்தில் மாடு வைத்துப் பால் ஊற்றுகிறார். தமிழர், கரேன், மொன், பா-ஓ எல்லோரும் கலந்த ஊர். 2016 வாக்கில் ஒரு சின்னத் தொண்டு அமைப்பு, ஊருக்கு ஒருவரைப் பிடித்து, சண்டை நின்றிருக்கிறதா என்று பார்த்து எழுதப் பழக்கியது. மச்சானைத் தேர்ந்தெடுத்ததற்குச் சொன்ன காரணம் எனக்கு மிகவும் பிடித்தது: அவருக்கு எந்தப் படையிலும் மாமனும் இல்லை, மச்சானும் இல்லை.

நோட்டை நான் பார்த்திருக்கிறேன். பள்ளிக்கூடத்துக் கோடு போட்ட நோட்டு, அட்டையில் ஆப்பிள் படம். தேதி, நேரம், என்ன சத்தம், எந்தத் திசை, யார் சொன்னது என்று ஐந்து பத்தி. ஒரு பதிவு இப்படி இருந்தது: "பிற்பகல் 4.20. கிழக்கே, ரப்பர் தோட்டத்துக்கு அந்தப் பக்கம். ஒற்றை வெடி மூன்று. நேரில் கேட்டது. சினை மாடு மிரண்டு கயிற்றை அறுத்தது." கடைசி வாக்கியம் பத்திக்குள் அடங்காமல் ஓரத்தில் ஏறியிருந்தது. பால்காரர் எழுதினால் மாடு வராமல் இருக்குமா?

இந்த நோட்டுகளால் பயனே இல்லை என்று சொல்ல முடியாது. யாரோ வேட்டைக்குச் சுட்டதைப் படை நகர்வு என்று எண்ணி ஊர் காலியாகப் பார்த்த ஒரு இரவில், இரண்டு பக்கத்துக்கும் ஆள் அனுப்பிக் கேட்டு, காலைக்குள் எல்லோரையும் வீட்டுக்குக் கொண்டுவந்தார்கள். ஆயுதக் குழுவோடு தொடர்பு என்றாலே சிறை என்றிருந்த காலம் போய், இதைப் பேசவே முடிந்ததும் புதிது. அந்தச் சிறைக்குக் காரணமான சட்டம் 1908இல் ஆங்கிலேயர் போட்டது, 17(1) பிரிவு. தமிழ்நாட்டில் சுதந்திரப் போராட்டக்காரர்களைப் பயமுறுத்திய அதே சட்டம்தான் பர்மாவிலும் கரேன்களுக்கும் கச்சின்களுக்கும் எதிராக உயிரோடு இருந்தது.

உடைந்தது பெரிய விஷயங்களில். எந்த நிலம் யாருடையது என்பதை ஒப்பந்தம் பிறகு பார்க்கலாம் என்று விட்டுவிட்டது. 2018இல் கரேன் மாநிலத்துப் பாபுன் மலைப்பகுதியில் ராணுவம் சாலை போட வந்தது. கரேன் படை அது ஊடுருவல் என்றது. ராணுவம் அது வளர்ச்சி என்றது. இரண்டாயிரம் பேருக்கு மேல் காட்டுக்குள் ஓடினார்கள். கோடே இல்லாத இடத்தில் கோட்டைத் தாண்டியதாக எப்படி எழுதுவது? குழுவால் தீர்க்க முடியவில்லை. அந்த அக்டோபரில் கரேன் படையின் தலைமை அமைப்பான கரேன் தேசிய ஒன்றியம் பேச்சுவார்த்தையிலிருந்து விலகி நின்றது. 2021க்குப் பிறகு அந்த ஒப்பந்தம் செத்துவிட்டது என்றே அறிவித்தது.

இலங்கையில் நோர்வே வந்ததே, அது போல இங்கேயும் வந்திருந்தால்?

தமிழர் கூட்டத்தில் இந்தக் கேள்வி வராத நாள் இல்லை. யாழ்ப்பாணத்திலும் கிளிநொச்சியிலும் வெள்ளை வண்டி ஓடியதைத் தொலைக்காட்சியில் பார்த்தவர்கள் நாம்.

2002 பிப்ரவரி ஒப்பந்தத்தின் கீழ் நோர்வே, ஸ்வீடன், பின்லாந்து, டென்மார்க், ஐஸ்லாந்து ஆகிய ஐந்து நாட்டவர் கண்காணிப்பாளர்களாக வந்தார்கள். கையில் ஆயுதம் இல்லை. ஒப்பந்தத்துக்கு என்ன பொருள் என்பதில் கடைசி வார்த்தை கண்காணிப்புக் குழுத் தலைவருடையது என்று எழுதியே கொடுத்திருந்தார்கள். பர்மாவில் யாருக்கும் கிடைக்காத பேனா அது. அப்படியும் என்ன ஆயிற்று? 2006 மே 11 அன்று 710 ராணுவத்தினரை ஏற்றிவந்த பேர்ல் குரூஸ் கப்பலைக் கடற்புலிகள் தாக்க வந்தபோது கண்காணிப்பாளர் கப்பலிலேயே இருந்தார். அந்த மாதம் ஐரோப்பிய ஒன்றியம் புலிகளைத் தடை செய்ததும், ஒன்றியத்து நாட்டவர் வெளியேற வேண்டும் என்று புலிகள் சொன்னார்கள். மிஞ்சியது நோர்வேயும் ஐஸ்லாந்தும். 2008 ஜனவரியில் இலங்கை அரசு ஒப்பந்தத்தை முறித்தது. 16ஆம் தேதியோடு குழு மூட்டை கட்டியது. அதற்கு அப்புறம் நடந்ததைப் பக்கத்தில் நின்று எழுத யாரும் இல்லை என்பதை நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

ஆகவே நோர்வே வந்திருந்தால் எல்லாம் சரியாகியிருக்கும் என்பவர்களோடு நான் ஒத்துப்போகவில்லை. நோர்வே வரவே இல்லை என்பதும் தவறு. 2012இல் சமாதான உதவித் திட்டம் ஒன்றோடு இங்கே வந்தது, பெகு வட்டாரத்துக் கியாவுக்கியில் வேலையும் தொடங்கியது. நிவாரணம் செய்தார்கள், ஊர்க்காரர்களையும் படைக்காரர்களையும் பேச வைத்தார்கள். மீறலை எழுதும் அதிகாரம் மட்டும் அவர்களிடம் இல்லை.

ஆசியான் என்ன செய்தது?

ஆசியான் என்பது பர்மாவும் உறுப்பினராக உள்ள தென்கிழக்காசிய நாடுகளின் கூட்டமைப்பு. 2021 ஏப்ரல் 24, ஜகார்த்தாவில் அதன் கூட்டம். ஐந்து அம்சங்கள்: வன்முறையை உடனே நிறுத்து, எல்லோரும் பேசுங்கள், சிறப்புத் தூதர் நடுவராக இருப்பார், நிவாரண உதவி, தூதர் வந்து எல்லோரையும் சந்திப்பார். ஆட்சியைக் கவிழ்த்த ராணுவத் தளபதி ஜெனரல் மின் ஆங் லைங் அந்தக் கூட்டத்தில் நேரில் இருந்தார். ஊர் திரும்பியதும் அவற்றை 'ஆலோசனைகள்' என்றார்கள்; நாட்டில் அமைதி திரும்பிய பிறகு பரிசீலிப்பார்களாம். நெருப்பு அணைந்த பிறகு தண்ணீர் ஊற்றலாம் என்பதைப் போல. தலைமை ஆண்டுக்கு ஆண்டு மாறுவதால் தூதரும் மாறினார்: புருனே, கம்போடியா, இந்தோனேசியா, லாவோஸ், மலேசியா. ஐந்தில் ஓர் அம்சத்திலும் கண்காணிப்பாளர் என்ற சொல் இல்லை.

சீனா கண்காணிப்புக் குழு அனுப்பியது உண்மையா?

உண்மை. இத்தனை வருடத்தில் பர்மா மண்ணில் போர்நிறுத்தக் கண்காணிப்பாளர் என்ற பெயரோடு வெளிநாட்டார் வெளிப்படையாக இறங்கியது 2025 ஏப்ரலில், வடக்கு ஷானின் பெரிய நகரமான லாஷியோவில்.

முன்கதை இது. 2024 ஜனவரியில் சீன நகரமான குன்மிங்கில் சீனா நடுவில் உட்கார்ந்து, ராணுவத்துக்கும் வடக்கு ஷானில் எழுந்த அந்த மூன்று படைகளுக்கும் இடையே ஹாய்கெங் உடன்பாடு என்ற போர்நிறுத்தத்தை முடித்துவைத்தது. ஜூனில் அது முறிந்தது. ஆகஸ்ட் 3 அன்று லாஷியோவில் இருந்த வடகிழக்கு ராணுவத் தலைமையகம் கொக்காங் படையிடம் விழுந்தது. ஒரு மண்டலத் தலைமையகமே விழுந்தது அதுவே முதல் தடவை. சீனாவுக்கு அது பிடிக்கவில்லை. எல்லை வாசல்கள் மூடப்பட்டன. மின்சாரமும் இணையமும் அறுந்தன. கொக்காங் படைத் தலைவர் சிகிச்சைக்காகத் தங்கள் நாட்டில் இருக்கிறார் என்று சீன வெளியுறவு அமைச்சு சொன்னது. எத்தனை நாள் சிகிச்சையோ! 2025 ஜனவரியில் புதிய போர்நிறுத்தம். ஏப்ரலில் கொக்காங் படை லாஷியோ நகரத்தை ராணுவத்திடம் திரும்ப ஒப்படைத்தது. ரத்தம் சிந்திப் பிடித்த நகரத்தைச் சண்டையே இல்லாமல் கொடுத்தார்கள். நடந்ததைப் பார்க்கச் சீனா குழு அனுப்பியது. இரு தரப்பும் அழைத்ததால் வந்தோம் என்றது. அந்த அக்டோபரில் தாங் படையும் குன்மிங்கில் உடன்பட்டு, மாணிக்கச் சுரங்க ஊரான மோகோக்கை விட்டு விலகச் சம்மதித்தது.

இதைக் கண்காணிப்பு என்பதா? ஐ.நா. கண்காணிப்பாளர் பார்த்து எழுதுவார், யாரையும் அசைக்க முடியாது. சீனக் குழு எதையும் எழுதி உலகத்துக்குக் காட்டவில்லை, ஆனால் ஒரு நகரத்தையே கைமாற்றியது. லாஷியோவில் கடை வைத்திருந்து ரங்கூனுக்கு ஓடிவந்த ஒரு செட்டியார் என்னிடம், "யார் கொடி என்று எனக்குக் கவலை இல்லை அண்ணே, இந்த வாரம் லாரி வருமா என்று அவர்களால்தான் சொல்ல முடிகிறது" என்றார். அவர் நிலையில் நானும் அதைத்தான் சொல்வேன். ஆனாலும், வாசல் சாவி வைத்திருப்பவரே கணக்கும் பார்த்தால் அந்தக் கணக்கு வாசலுக்குத்தான் சாதகமாக முடியும். வாசலிலிருந்து தள்ளியிருக்கும் சகாயிங்கிலும் மாக்வேயிலும் குண்டு விழுந்தபோது எந்தக் குழுவும் போகவில்லை.

நிலநடுக்கத்தின்போது எல்லோரும் சண்டையை நிறுத்தினார்களே?

2025 மார்ச் 28 மதியம், 7.7 அளவு. சகாயிங், மண்டலே, நேப்பிடோ சரிந்தன. 3,700 பேருக்கு மேல் இறந்தார்கள். ஆட்சிக் கவிழ்ப்பை எதிர்த்து உருவான தேசிய ஐக்கிய அரசு இரண்டு வாரம் தாக்குதலை நிறுத்துவதாகச் சொன்னது. மூன்று சகோதரப் படைகள் என்று பெயர் பெற்ற அரகான், தாங், கொக்காங் படைகள் ஒரு மாதம் என்றன. ராணுவம் ஏப்ரல் 2 முதல் 22 வரை என்றது, பிறகு நீட்டியது. மூன்றும் தனித்தனி அறிவிப்புகள். ஒரே மேசையில் உட்கார்ந்து எழுதியவை அல்ல. அறிவிப்பு இருக்கும்போதே விமானத் தாக்குதல்கள் தொடர்ந்ததை ஐ.நா. மனித உரிமை அலுவலகம் பதிவு செய்தது.

அச்சேயை நினைத்துக்கொள்வேன். 2004 டிசம்பர் சுனாமிக்குப் பிறகு இந்தோனேசிய அரசும் அச்சே விடுதலை இயக்கமும் 2005 ஆகஸ்ட் 15 அன்று ஹெல்சின்கியில் கையெழுத்திட்டன. ஒரே மாதத்தில் ஐரோப்பியரும் ஐந்து ஆசியான் நாட்டவரும் சேர்ந்த குழு வந்து இறங்கியது. 840 ஆயுதங்களை வாங்கி, ஊர் பார்க்க அறுத்தார்கள். தகராறு பேசித் தீரவில்லை என்றால் குழுத் தலைவர் தரும் முடிவு இரு தரப்பையும் கட்டுப்படுத்தும் என்று உடன்படிக்கையிலேயே இருந்தது. 2006 டிசம்பரில் வேலை முடிந்து போனார்கள். இதே ஆசியான் நாடுகள்தான். இயற்கை அடித்தது இரண்டு இடத்திலும்; அங்கே இரண்டு தரப்பும் ஏற்கெனவே களைத்துப்போய் மேசைக்கு வந்திருந்தன.

இந்தியா?

2015இல் சாட்சி. 2022 டிசம்பர் தீர்மானத்தின்போது பாதுகாப்புச் சபைத் தலைமையே இந்தியாவிடம் இருந்தது, அப்போதும் வாக்களிக்கவில்லை. டெல்லியின் கவலை மணிப்பூர், மிசோரம் எல்லை. எல்லையின் அந்தப் பக்கம், மணிப்பூரின் மோரேயில் நம் ஆட்கள் தமிழ்ச் சங்கம் வைத்திருக்கிறார்கள்; 1960களில் பர்மாவிலிருந்து போய், திரும்பி நடந்துவரப் பார்த்து, வழியில் தங்கிவிட்டவர்களின் பிள்ளைகள். மோரேக்கும் இந்தப் பக்கத்துத் தமுவுக்கும் நடுவே வாசல் திறந்ததா என்று டெல்லியைவிட அவர்களைக் கேட்பது மேல்.

போர்நிறுத்தம் வந்தால் பையன்களைப் படைக்கு எடுப்பது நிற்குமா?

நிற்காது. கட்டாய ராணுவச் சேவைச் சட்டம் 2010இலேயே எழுதப்பட்டது. 2024 பிப்ரவரியில் அமலுக்கு வந்தது. ஆண்களுக்கு 18 முதல் 35 வயது, பெண்களுக்கு 18 முதல் 27. எந்தப் போர்நிறுத்தப் பேச்சிலும் இதை யாரும் மேசையில் வைத்ததாகத் தெரியவில்லை. பீலிக்கான் கோயில் தீமிதிக்குப் போனால் இப்போது பூக்குழி இறங்கும் வரிசையில் நரைத்த தலைகள்தான் அதிகம்.

போர்நிறுத்தம் என்று செய்தியில் வந்தால் மோல்மேனுக்குப் போகலாமா?

செய்தியைக் கேட்டுப் போகாதீர்கள். பஸ் நிலையத்தில் ஓட்டுநரைக் கேட்டுப் போங்கள். மொன் மாநிலத் தலைநகரான மோல்மேன் ரங்கூனிலிருந்து சுமார் 300 கிலோமீட்டர். பெகு, சித்தாங் பாலம், கியாய்க்டோ, பிலின், தட்டோன் தாண்டி. கியாய்க்டோவிலிருந்து தட்டோன் வரைதான் நெஞ்சு அடித்துக்கொள்ளும்.

போன தடவை நான் போனபோது வழியில் எத்தனை சோதனை வாசல் என்று விரலை மடக்கினேன். சில இடத்தில் இரும்புத் தடுப்பு, ஓர் இடத்தில் இரண்டு மூங்கிலுக்கு நடுவே வெறும் நைலான் கயிறு. கயிற்றை ஒரு பையன் பிடித்திருந்தான், பதினேழு வயது இருக்கும், கையில் மாங்காய். ஓட்டுநர் நோட்டை நான்காக மடித்து, முந்தைய வாசலில் கொடுத்த ரசீதுக்குள் வைத்து நீட்டினார். பையன் பணத்தை எடுத்துக்கொண்டு ரசீதைத் திருப்பிக் கொடுத்தான். கயிறு தரையில் விழுந்தது. வண்டியில் ஒருவரும் பேசவில்லை. யார் வாசல் அது என்று ஓட்டுநரிடம் கேட்டேன். "இன்றைக்கா?" என்றார்.

கயிறு கீழே விழுந்தால் வண்டி போகும். அதுவே அந்தச் சாலையில் எனக்குத் தெரிந்த போர்நிறுத்தம். அடையாள அட்டையை மேல் சட்டைப்பையில் வையுங்கள், தொலைபேசியில் உள்ள படங்களை அழித்துவிட்டு ஏறுங்கள், பிள்ளைகளை ஜன்னலோரம் உட்கார வைக்காதீர்கள். மாலைக்குப் பிறகு புறப்படும் வண்டி எவ்வளவு மலிவாக இருந்தாலும் வேண்டாம்.

இப்போது யாருமே பதிவு செய்யவில்லையா?

செய்கிறார்கள், வெளியிலிருந்து. ஐ.நா. மனித உரிமை மன்றம் 2018இல் உருவாக்கிய சுயேச்சையான விசாரணை அமைப்பு ஜெனீவாவில் இருந்து சாட்சியங்களைச் சேர்க்கிறது; நாட்டுக்குள் வர அதற்கு அனுமதி கிடைக்கவில்லை. அவர்கள் சேர்ப்பது என்றோ ஒரு நாள் நீதிமன்றத்துக்கு. இன்று இரவு கிழக்கே கேட்ட மூன்று வெடி யாருடையது என்று காலைக்குள் சொல்ல அவர்களால் ஆகாது. அந்த வேலைக்கு ஊரில் ஆள் வேண்டும்.

உங்கள் மச்சானின் நோட்டு என்ன ஆயிற்று?

ஆட்சி மாறிய பிறகு யாரும் வந்து வாங்கவில்லை. அதை வீட்டில் வைத்திருப்பதே ஆபத்து, எரித்துவிடுங்கள் என்று நான் சொன்னேன். அவர் கேட்கவில்லை. பிளாஸ்டிக் பையில் சுற்றி அரிசிப் பானைக்குள் இறக்கிவிட்டார். போன தைக்கு நான் போனபோது தங்கச்சி அதை எடுத்துக் காட்டினாள். கடைசிப் பதிவு 2021 மார்ச், நேரம் மட்டும் எழுதி, திசை எழுதாமல் விட்டிருந்தது. அடுத்த பக்கத்திலிருந்து தங்கச்சியின் கையெழுத்து: காலை எத்தனை படி, மாலை எத்தனை படி, யார் யார் பால் பாக்கி. ஐந்து பத்தியையும் அவள் வீணாக்கவில்லை. 'எந்தத் திசை' என்று இருந்த பத்தியில் வாடிக்கையாளர் வீட்டை எழுதியிருந்தாள்.